சாரோப்சிடா: பல்லியும் பறவையும் ஒரே கிளையா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பினாங்கில் இடைநிலைப்பள்ளிப் பிள்ளைகளுக்கு அறிவியல் டியூஷன் எடுக்கிறேன். விடுமுறையில் அவர்களைத் தண்ணீர்மலைப் பக்கத்துத் தாவரவியல் பூங்காவுக்கும் பாயான் லெப்பாஸ் பாம்புக் கோவிலுக்கும் கூட்டிப் போவதுண்டு. போகிற இடமெல்லாம் இந்த ஒரு சொல்லைப் பற்றி அதே சந்தேகங்கள் வருகின்றன. பிள்ளைகளைவிடக் கூட வரும் பெற்றோர்தான் அதிகம் கேட்கிறார்கள். அவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளைப் போட்டிருக்கிறேன். எளியது முதலில், சிக்கலானது பின்னால்.

சாரோப்சிடான்னா என்ன டீச்சர்? சுருக்கமா சொல்லுங்க.

முதுகெலும்புள்ள விலங்குகளில் ஒரு பெரிய கிளையின் பெயர் அது. பல்லி, ஓணான், உடும்பு, பாம்பு, ஆமை, முதலை, நியூசிலாந்தில் மட்டும் வாழும் துவாத்தாரா, இவற்றோடு எல்லாப் பறவைகளும் அதில் அடங்கும். அழிந்துபோனவற்றில் டைனோசர்கள், வானில் பறந்த டெரோசர்கள், கடலில் நீந்திய இக்தியோசர்கள் எல்லாம் அதே கிளைதான். பல்லி, தோற்றம் என்று பொருள்படும் இரண்டு கிரேக்கச் சொற்களிலிருந்து இந்தப் பெயர் வந்தது.

சின்னக் கூட்டம் என்று நினைத்துவிடாதீர்கள். இன்று உயிரோடிருக்கும் ஊர்வன 12,000 இனங்களுக்கு மேல், பறவைகள் ஏறக்குறைய 11,000. பாலூட்டிகள் சுமார் 6,500தான். தரையில் வாழும் முதுகெலும்பிகளில் பெரிய கூட்டம் இவர்களுடையதுதான்.

பள்ளிக்கூடத்துல ஊர்வன தனி, பறவை தனின்னுதானே படிச்சோம்? அது தப்பா?

தப்பு என்று சொல்ல மாட்டேன். அது வேறொரு வேலைக்காகச் செய்த பிரிவு. மீன், நிலநீர்வாழ்வன, ஊர்வன, பறவை, பாலூட்டி என்ற ஐந்து வகை, பார்த்தவுடன் அடையாளம் காண உதவுகிறது. இறகு இருந்தால் பறவை, செதில் இருந்து நுரையீரலால் மூச்சுவிட்டால் ஊர்வன. 1758-இல் ஸ்வீடன் நாட்டு இயற்கை அறிஞர் லின்னேயஸ் விலங்குகளைத் தொகுத்தபோது பரிணாமம் என்ற எண்ணமே அறிவியலில் வேர்விடவில்லை. அவர் பாம்பையும் தவளையையும் ஒரே வகுப்பில் வைத்திருந்தார். பிறகு வந்தவர்கள்தான் தவளையைப் பிரித்தார்கள்.

சாரோப்சிடா கேட்கும் கேள்வி வேறு. யார் யாருக்குச் சொந்தம், எந்த மூதாதையிலிருந்து யார் வந்தார்கள் என்பதுதான் அதன் கேள்வி. இப்போதைய உயிரியலில் ஒரு குழு செல்லுபடியாக வேண்டுமென்றால், ஒரு மூதாதையும் அதன் வழிவந்த அத்தனை பேரும் அதில் இருக்க வேண்டும். பறவைகளை விட்டுவிட்டு ஊர்வன என்று மட்டும் சொன்னால், குடும்பப் படம் எடுக்கும்போது ஒரு பேரன் வெளிநாடு போய்ப் பெரிய ஆளாகிவிட்டான் என்பதற்காக அவனை மட்டும் நிற்க விடாததுபோல் ஆகிவிடும். பேரன் எவ்வளவு மாறினாலும் பேரன்தானே.

அப்ப தவளை, எறும்புண்ணி எல்லாம்?

இரண்டும் இல்லை. தவளையின் முட்டைக்கு ஈரம் வேண்டும், உள்ளே பனிக்குடம் கிடையாது. கருவைச் சுற்றி நீர் நிறைந்த பையாக இருக்கும் அந்தப் பனிக்குடம் வந்த பிறகுதான் விலங்குகள் உலர்ந்த நிலத்திலும் முட்டையிட முடிந்தது. அந்தப் பனிக்குட உயிரிகள் பின்னாளில் இரண்டு பெரும் கிளைகளாகப் பிரிந்தன. ஒன்று சாரோப்சிடா, இன்னொன்று நாம் இருக்கும் சினாப்சிடா. தவளைகள் அதற்கு முன்பே பிரிந்துபோனவை.

எறும்புண்ணி உடம்பெல்லாம் செதிலோடு இருப்பதால் குழப்பும். அது குட்டிக்குப் பால் கொடுக்கும் பாலூட்டி. செதிலை வைத்து மட்டும் கிளையை முடிவு செய்யக்கூடாது என்பதற்கு நம் காட்டிலேயே இருக்கும் நல்ல எடுத்துக்காட்டு.

பார்த்தா ஒண்ணுபோலவே இல்லையே? எதை வெச்சு மைனாவும் பல்லியும் சொந்தம்னு சொல்றீங்க?

வீட்டுச் சுவரிலிருந்தே ஆரம்பிக்கலாம். பல்லி எச்சத்தைப் பெருக்கித் தள்ளும் முன் ஒரு நிமிடம் குனிந்து பாருங்கள். கருப்பாக ஒரு சின்ன உருளை, அதன் ஒரு நுனியில் வெள்ளைப் பொட்டு. கருப்பு மலம், வெள்ளை அதன் சிறுநீர். கார் கண்ணாடியில் மைனா போட்டுவிட்டுப் போவதிலும் அதே கருப்பும் வெள்ளையும் இருக்கும். நாம் உடம்பின் நைட்ரஜன் கழிவை யூரியாவாக்கி நிறையத் தண்ணீரில் கரைத்து வெளியேற்றுகிறோம். பறவைகளும் பல்லி, பாம்பு போன்ற பெரும்பாலான ஊர்வனவும் அதை யூரிக் அமிலமாக்கி, தண்ணீரை உடம்பிலேயே நிறுத்திக்கொண்டு, பசைபோல் வெளியே தள்ளுகின்றன. நீரிலேயே வாழும் முதலைகளும் சில ஆமைகளும் இதில் கொஞ்சம் வேறுபடும்.

அடுத்தது சௌராஸ்தா பாசாரில் கிடைக்கும் கோழிக்கால். கழுவும்போது கவனியுங்கள். முன்பக்கம் அகலமான செதில்கள் ஒன்றின் மேல் ஒன்று படிந்து வரிசையாக இறங்கும், பாதத்தின் அடியில் சிறு சிறு மணிகளாக இருக்கும், விரல் நுனியில் வளைந்த நகம். இங்கே பலர் செதிலின் வடிவத்தைப் பார்த்தே முடிவுக்கு வந்துவிடுகிறார்கள். உண்மையான சான்று அந்தச் செதிலைக் கட்டியிருக்கும் புரதத்தில் இருக்கிறது. பீட்டா கெரட்டின் என்று வழக்கமாகச் சொல்லப்படும் அந்தப் புரதக் குடும்பம் ஊர்வனவின் செதிலிலும், பறவையின் இறகு, அலகு, நகத்திலும் இருக்கிறது. பாலூட்டிகளிடம் இல்லை. நம் முடியும் நகமும் ஆல்பா கெரட்டின் என்ற வேறு வகைப் புரதத்தால் ஆனவை, எறும்புண்ணியின் செதிலும் அப்படித்தான். பல்லி கூரையில் தலைகீழாக நடப்பதற்கு உதவும், கண்ணுக்குத் தெரியாத விரல் மயிரிழைகளிலும் இறகில் இருக்கும் அதே புரதக் குடும்பம் உண்டு. பல்லியின் பாதத்தையும் காகத்தின் இறகையும் இப்படிச் சேர்த்து நினைக்கும்போது எனக்கு இன்றும் வியப்பாகத்தான் இருக்கிறது.

இவற்றோடு மரபணு ஒப்பீடும் சேர்ந்துகொள்கிறது. டி.என்.ஏ.வை வரிசையாக ஒப்பிட்டால் பறவைகள் ஊர்வனவின் நடுவில் வந்து உட்காருகின்றன. ஓரத்தில்கூட இல்லை, நடுவில்.

நடுவிலன்னா? முதலைக்கு உடும்பு நெருக்கமா, கோழி நெருக்கமா?

கோழிதான் நெருக்கம். இந்த ஒரு பதில் மனதில் பதிந்துவிட்டால் மீதி எல்லாம் எளிதாகிவிடும்.

உடும்பும் முதலையும் நான்கு கால், நீண்ட வால், தண்ணீர் ஓரம் என்று ஒரே மாதிரி தெரியும். பூங்கா ஓடைக்கரையில் பெரிய பியாவாக் (உடும்புக்கு மலாய்ப் பெயர்) ஒன்று படுத்திருந்தால் பிள்ளைகள் முதலை என்றே கத்துவார்கள். ஆனால் முதலையின் இதயத்தில் பறவைக்கு இருப்பதுபோல் முழுமையாகப் பிரிந்த நான்கு அறைகள் இருக்கின்றன. உடும்பு, பாம்பு, ஆமை ஆகியவற்றின் கீழறை அப்படி முழுசாகப் பிரியவில்லை. முதலை கூடு கட்டி முட்டையைக் காவல் காக்கும். பொரியும் நேரத்தில் குஞ்சுகள் முட்டைக்குள்ளிருந்தே குரல் கொடுக்கும், தாய் வந்து கூட்டைத் தோண்டித் திறக்கும். அடைகாக்கும் கோழியைப் பார்த்தவர்களுக்கு முட்டைக்குள்ளிருந்து குஞ்சு கத்துவது புதிதாக இருக்காது. முதலை, பறவை, டைனோசர், டெரோசர் எல்லாம் சேர்ந்த உட்கிளைக்கு ஆர்க்கோசோரியா என்று பெயர். பல்லி, பாம்பு, உடும்பு, துவாத்தாரா சேர்ந்தது லெபிடோசோரியா.

ஆக, முதலையையும் உடும்பையும் ஒரே பெட்டியில் போட்டுவிட்டுக் கோழியை வெளியே நிறுத்தினால், அக்காவை விட்டுவிட்டுத் தூரத்து உறவைச் சேர்த்துக்கொண்டதாகிவிடும்.

ஆமை எந்தப் பக்கம்?

இது நெடுநாள் வழக்கு. கண்ணுக்குப் பின்னால் மண்டையோட்டில் எத்தனை துளை என்பது பழைய அளவுகோல். பல்லி, முதலை, டைனோசர் வழியினருக்குப் பக்கத்துக்கு இரண்டு, நம் சினாப்சிடா வழியினருக்கு ஒன்று. ஆமைக்கு எதுவுமே இல்லை. அதனால் அது மற்ற ஊர்வனவுக்கெல்லாம் முன்பே பிரிந்த மிகப் பழைய வழி என்று பலர் எண்ணினார்கள். மரபணு ஆய்வுகள் வந்த பிறகு நிலைமை மாறியது. அவை ஆமையை முதலை, பறவை ஆகியவற்றின் பக்கத்தில் வைக்கின்றன. துளைகள் பின்னாளில் மூடிக்கொண்டிருக்க வேண்டும்.

பினாங்கு தேசியப் பூங்காவில் பந்தாய் கெராச்சுட் போனால் ஆமைப் பாதுகாப்பு மையம் இருக்கிறது, பச்சை ஆமைகள் அந்தக் கடற்கரையில் முட்டையிட வரும். அவற்றின் குஞ்சு ஆணா பெண்ணா என்பதை மணலின் சூடு தீர்மானிக்கிறது, சூடு கூடினால் பெண். முதலைக்கும் வெப்பம்தான் தீர்மானிக்கிறது. பறவைகளில் அந்த வேலையைக் குரோமோசோம் செய்கிறது. ஒரே கிளைக்குள் இத்தனை வேறுபாடு இருக்கலாம். கிளை என்பது வம்சம், எல்லோரும் ஒரே மாதிரி வாழ வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

பாம்புக் கோவில் பாம்பு குட்டி போடுதாமே? அப்ப அது முட்டையிடும் கூட்டத்துல வராதே?

வரும். கோவிலில் மரக்கிளையிலும் பலிபீடத்தின் ஓரத்திலும் சுருண்டு கிடக்கும் பச்சையும் மஞ்சளுமான அந்தப் பாம்புகள் வாக்ளர் குழிவிரியன்கள். அவை உயிருள்ள குட்டிகளைத்தான் ஈனும். முட்டை வெளியே வராமல் தாயின் உடம்புக்குள்ளேயே வளர்ந்து முடிகிறது, அவ்வளவுதான். மேலே தவளைக் கேள்வியில் சொன்ன பனிக்குடம் அந்தக் கருவைச் சுற்றியும் இருக்கிறது. பல்லி, பாம்புக் கூட்டத்தில் குட்டி போடும் பழக்கம் பல முறை தனித்தனியாகத் தோன்றியிருக்கிறது. முதலை, ஆமை, பறவைகளில் இன்று ஒரு இனம்கூட அப்படி இல்லை.

முட்டை என்ற ஒன்றை வைத்துக்கொண்டு கிளை பிரிக்க முடியாது. ஆஸ்திரேலிய பிளாட்டிபஸ் முட்டையிடும், ஆனால் பாலூட்டி.

பறவைக்கு உடம்பு சூடு, பாம்புக்கு இல்லை. இது பெரிய வித்தியாசம்தானே?

பெரிய வித்தியாசம்தான், மறுக்கவில்லை. பறவைகள் பலவற்றின் உடல் 40 பாகை செல்சியஸை ஒட்டி இருக்கும், அந்தச் சூட்டை அவை உள்ளேயே உண்டாக்கிக்கொள்கின்றன. பியாவாக் காலையில் கல்லின் மேல் படுத்து வெயில் காய்ந்த பிறகுதான் சுறுசுறுப்பாகும்.

ஆனால் உடல் சூட்டை வைத்துச் சொந்தம் தேடினால் பறவையை நம்மோடு சேர்க்க வேண்டிவரும். நாமும் சூடான உடம்புக்காரர்கள்தான். பறவையும் பாலூட்டியும் அந்த ஆற்றலைத் தனித்தனி வழியில், தனித்தனிக் காலத்தில் பெற்றன. இரண்டு பேர் ஒரே ஊரில் வேலைக்குச் சேர்ந்தால் அண்ணன் தம்பி ஆகிவிடுவதில்லை.

டைனோசரையும் இதுல சேர்த்தீங்களே, அதுக்கும் கோழிக்கும் என்ன?

கோழி டைனோசர் வம்சம். பறவைகள் இரண்டு காலில் நடந்த ஊனுண்ணி டைனோசர்களிலிருந்து கிளைத்தவை என்பதில் இன்று பெரிய கருத்து வேறுபாடு கிடையாது. 1861-இல் ஜெர்மனியின் பவேரியாவில் கிடைத்த ஆர்க்கியோப்டெரிக்ஸ் புதைபடிவத்தில் இறகும் இருந்தது, பல்லும் இருந்தது, எலும்புள்ள நீண்ட வாலும் இருந்தது. 1996-இல் சீனாவின் லியாவ்னிங் மாநிலத்திலிருந்து வந்த சைனோசாரோப்டெரிக்ஸ் படிவம், பறக்காத ஒரு டைனோசரின் உடம்பில் மெல்லிய இறகிழைகளைக் காட்டியது. அதன்பின் இறகுள்ள டைனோசர்கள் அங்கே நிறையக் கிடைத்தன.

முருகன் படத்தைப் பாருங்கள். மயில், அதன் காலடியில் பாம்பு, கொடியில் சேவல். மூன்றும் சாரோப்சிடா. மயிலும் சேவலும் ஒரே பறவைக் குடும்பம், பாம்பு அதே பெருங்கிளையின் வேறு வழி. பிள்ளைகளுக்கு இந்தப் பாடம் எடுக்கும்போது நான் அந்தப் படத்தைத்தான் காட்டுகிறேன். மறக்கவே மாட்டார்கள்.

யார் வெச்ச பேரு இது? புதுசா?

புதிது இல்லை. 1860-களில் இங்கிலாந்தின் தாமஸ் ஹென்றி ஹக்ஸ்லி வைத்தது. டார்வினுக்காக மேடையேறி வாதாடிய அதே ஹக்ஸ்லி. உடற்கூற்றை அருகருகே வைத்துப் பார்த்து, பறவையும் ஊர்வனவும் ஒரே தொகுதி என்றார். 1916-இல் எட்வின் குட்ரிச் என்ற விலங்கியலாளர் அந்தப் பெயரை இன்றைய பொருளுக்கு நெருக்கமாகத் திருத்தினார். இதயத்தின் அமைப்பு, பின்பாதத்தில் ஐந்தாவது எலும்பு கொக்கிபோல் வளைந்திருப்பது போன்றவற்றைக் காட்டி, பாலூட்டிகளையும் அவற்றின் அழிந்துபோன உறவினர்களையும் வேறு கிளையாகப் பிரித்தார். பரிணாம மரத்தை வைத்தே பெயரிட வேண்டும் என்ற முறை 1980-களில் வலுப்பெற்றபோது, பழைய பெயருக்கு மறுபடி வேலை வந்தது.

நாமளும் ஒரு காலத்துல ஊர்வனவா இருந்தோம்னு கேள்விப்பட்டேன். உண்மையா?

பழைய புத்தகங்களில் பாலூட்டி போன்ற ஊர்வன என்று ஒரு பெயர் வரும். அதிலிருந்து கிளம்பிய பேச்சு இது. அந்தப் பெயரை இப்போது ஆய்வாளர்கள் தவிர்க்கிறார்கள், நானும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பதில்லை. சாரோப்சிடாவும் சினாப்சிடாவும் 30 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே பிரிந்துவிட்டன. நம் முன்னோர் சினாப்சிடா வழியில் வந்தார்கள். பல்லி நமக்குத் தாத்தா இல்லை. நமக்கும் பல்லிக்கும் அதைவிடப் பழைய ஒரு பொது மூதாதை உண்டு.

நம் காதிலேயே இதற்குத் தடயம் இருக்கிறது. நடுக்காதில் நமக்கு மூன்று சின்ன எலும்புகள், பறவைக்கும் ஊர்வனவுக்கும் ஒன்றே ஒன்று. நம்முடைய மூன்றில் இரண்டு, பழைய சினாப்சிடாக்களின் தாடை மூட்டில் இருந்தவை. சிறுத்துச் சிறுத்துக் காதுக்குள் போய்ச் சேர்ந்தன. அந்த வழியைப் புதைபடிவங்களில் படிப்படியாகப் பார்க்க முடிகிறது.

ரெப்டிலியாவும் சாரோப்சிடாவும் ஒண்ணேதானா? ஒவ்வொரு இடத்துல ஒவ்வொரு மாதிரி போட்டிருக்காங்க.

உண்மையிலேயே இங்கேதான் சிக்கல். குழப்பம் உங்களுடையது இல்லை. ஊர்வனவுக்கு அறிவியலில் வைத்த பெயரான ரெப்டிலியா என்ற சொல்லுக்கு மூன்று பயன்பாடு ஓடுகிறது. முதலாவது, பறவை இல்லாத பழைய பள்ளிக்கூடப் பொருள். இரண்டாவது, 1980-களின் இறுதியில் ஜாக் கோத்தியேயும் உடன் ஆய்ந்தவர்களும் வரையறுத்தது. இன்றிருக்கும் ஆமை, பல்லி, முதலை, பறவை ஆகியவற்றின் கடைசிப் பொது மூதாதையும் அதன் வழிவந்த அனைவரும் ரெப்டிலியா. இந்தக் கணக்கில் சாரோப்சிடா இன்னும் அகலம். பாலூட்டியைவிட ஊர்வனவுக்கு நெருக்கமான, அடியிலேயே அழிந்துபோன பக்கக் கிளைகளும் அதில் சேரும். மூன்றாவது, 2004-இல் மொடெஸ்டோவும் ஆண்டர்சனும் முன்வைத்தது. மனிதனைவிட பல்லிக்கும் முதலைக்கும் நெருக்கமான எல்லாமே ரெப்டிலியா என்றார்கள். அப்படி எடுத்துக்கொண்டால் ரெப்டிலியாவும் சாரோப்சிடாவும் ஏறத்தாழ ஒன்றாகிவிடும்.

எனவே ஒரு கட்டுரையைப் படிக்கும்போது எழுதியவர் எந்தப் பொருளில் சொல்கிறார் என்று முதலில் தேடுங்கள். என் சொந்தக் கருத்து, பறவையையும் சேர்த்துச் சொல்ல விரும்பினால் சாரோப்சிடாதான் பாதுகாப்பான சொல். ஊர்வன என்றால் கேட்பவர் மனதில் பாம்பும் பல்லியும் மட்டுமே வரும்.

அப்ப நான் எழுதும்போது எங்கே பயன்படுத்தலாம்? பரீட்சையில எழுதலாமா?

பரீட்சையில் வகைப்படுத்து என்று கேட்டால் பாடத்திட்டத்தில் இருக்கும் ஐந்து வகையையே எழுதுங்கள். மதிப்பெண் அதற்குத்தான். பரிணாமம் பற்றிய விரிவான கேள்வி, அறிவியல் விழாத் திட்டப்பணி, கட்டுரை என்றால் இந்தச் சொல்லைத் தாராளமாகக் கொண்டுவரலாம், ஒரு வரி விளக்கத்தோடு.

வீட்டுக்குள் மலைப்பாம்பு வந்த செய்தியை எழுத இந்தச் சொல் தேவையே இல்லை, பாம்பு என்றாலே போதும். பறவையைச் சேர்க்காமல் மீதியைக் குறிக்க வேண்டுமென்றால் பறவை அல்லாத ஊர்வன என்று எழுதுங்கள், அறிவியலில் அதுதான் வழக்கம். ஒரு விலங்கைக் குறிக்க சாரோப்சிடு, கிளையைக் குறிக்க சாரோப்சிடா. எழுத்துக்கூட்டல் இடத்துக்கு இடம் மாறும். ஒரே கட்டுரைக்குள் மாறாமல் பார்த்துக்கொண்டால் போதும்.

பையனோட டைனோசர் பொம்மைப் பெட்டியில முதுகுல பாய்மரம் மாதிரி ஒண்ணு இருக்கே, அதுவும் சாரோப்சிடாதானே?

முதலில் எது என்று பாருங்கள், ஏனென்றால் பாய்மரக்காரர்கள் இரண்டு பேர் இருக்கிறார்கள். முதலைபோல் நீண்ட மூஞ்சியோடு பின்னங்காலில் நிற்பது ஸ்பைனோசரஸ். அது டைனோசர், அதனால் சாரோப்சிடா. கால்களைப் பக்கவாட்டில் விரித்துத் தரையோடு தரையாக நிற்பது டைமெட்ரோடான். அது டைனோசரே இல்லை, டைனோசர்கள் தோன்றும் முன்பே வாழ்ந்து அழிந்தது. ஆமைக் கேள்வியில் சொன்ன மண்டையோட்டுத் துளைக் கணக்கை அதற்குப் போட்டுப் பாருங்கள். கண்ணுக்குப் பின்னால் பக்கத்துக்கு ஒரே துளை. அதாவது அது சினாப்சிடா. பல்லி மாதிரி இருந்தாலும் கோழியைவிட உங்கள் பையனுக்குத்தான் நெருங்கிய சொந்தம்.